எதிரி பெஞ்சில் ஒரு துண்டு

மாவட்ட வலைதளக் குறைதீர் நடுவத்துக்கு யாரையும் கைது செய்கிற அதிகாரம் கிடையாது. உட்கார வைக்கிற அதிகாரம் உண்டு. விழுப்புரத்தில் தலைமை நடுவமும் திண்டிவனத்தில் கிளையும் திறக்கப்பட்டபோது வந்த ஆணையில் இது தெளிவாகச் சொல்லப்பட்டிருந்தது. புகார்தாரர் உட்கார ஒரு நாற்காலி. புகாருக்கு ஆளானவர் உட்கார ஒரு பெஞ்சு. அவருக்கு அங்கே எதிரி என்று பெயர். புகார்தாரருக்குத் தேநீர் உண்டு, எதிரிக்குக் கிடையாது. புகார்தாரர் எப்போது வேண்டுமானாலும் போகலாம், எதிரியோ நடுவர் சொன்ன பிறகுதான் எழுந்திருக்க வேண்டும். இணையத்தில் நடக்கும் குற்றங்களைப் பற்றி அந்த ஆணையில் வேறு எதுவும் இல்லை.

2017ஆம் ஆண்டு கார்த்திகை மாதம் ஒரு வியாழக்கிழமை காலை, சின்னதுரை திண்டிவனம் கிளைக்கு வந்தான். மரக்காணத்துக்குத் தெற்கே ஒரு கடலோரக் குப்பம் அவன் ஊர். படகு இன்ஜினின் விசிறி இடது கணுக்காலைக் கிழித்ததிலிருந்து அவன் கடலுக்குப் போவதில்லை. அதற்குப் பதிலாக முகநூலில் ‘குப்பத்துக் கடல்’ என்று ஒரு பக்கம் நடத்திவந்தான். மதியமானால் தெற்கே கடலூர்ப் பக்கத்து உறவுக்காரர்களைப் போனில் கூப்பிட்டுக் காற்று எப்படி என்று கேட்பான். மணலில் நின்று அலையைப் பார்ப்பான். பிறகு ஒரே ஒரு வரி போடுவான். ‘கடல் நல்லா கீது, போலாம்’ அல்லது ‘போவாதீங்க’.

ரேடியோவிலும் எச்சரிக்கை வரத்தான் செய்தது. மழைக்காலத்தில் அது தினமும் வந்தது. அதைக் கேட்டு நடந்தால் தை பிறக்கும்வரை வீட்டில் இருக்க வேண்டும். ஆகவே சுற்றியிருந்த குப்பங்களில் எல்லாரும் சின்னதுரையின் வரியைப் பார்த்த பிறகே மாலையில் படகைத் தள்ளினார்கள். இரவு வலை போட்டு விடியலில் திரும்புகிற தொழில். வரியைப் படித்தவர்கள் அதன் கீழே விருப்பக்குறி போடுவார்கள். உலகத்தில் வேறெங்கும் அதற்குப் பிடித்திருக்கிறது என்று பொருள். குப்பத்தில் மட்டும் ‘நான் போறேன்’ என்று பொருள். எத்தனை படகு போயிருக்கிறது, யாருடையது என்று கரையிலிருப்பவர்கள் அதை வைத்தே தெரிந்துகொண்டார்கள்.

அந்தப் பக்கம் இப்போது சின்னதுரையிடம் இல்லை.

செவ்வாய்க்கிழமை அவன் போன் உப்புத் தண்ணீரில் விழுந்தது. அதே நம்பரைப் புதுப் போனில் போட்டபோது முகநூல் கடவுச்சொல் கேட்டது. பக்கத்தைத் தொடங்கிக் கொடுத்த உறவுக்காரப் பையன் மஸ்கட்டில் இருந்தான். என்ன போட்டோம் என்று அவனுக்கும் நினைவில்லை. சின்னதுரை இணையத்தில் தேடினான். ‘யாருடைய கணக்கையும் ஒரே நிமிடத்தில் திறக்கும் கருவி, முற்றிலும் இலவசம்’ என்று வந்தது. இறக்கினான். உன் தொடர்புகளைப் பார்க்கலாமா என்று அது கேட்டது. குறுஞ்செய்திகளைப் படிக்கலாமா என்றது. கேமராவைத் தொடலாமா என்றது. இவ்வளவு மரியாதையாகக் கேட்கிறதே என்று எல்லாவற்றுக்கும் சரி என்று அழுத்தினான். கடைசியில் போனுக்கு ஓர் எண் வந்தது. அதையும் கேட்டது, கொடுத்தான். சொன்னபடியே ஒரே நிமிடத்தில் கணக்கு திறந்தது. வேறு யாருக்கோ.

கணக்கைப் பிடித்தது ஆளோ எந்திரமோ, பக்கம் உயிரோடிருப்பதாகக் காட்ட அவனுடைய பழைய வரிகளையே எடுத்து மறுபடி மறுபடி போட்டது. ‘போவாதீங்க’ வரிகளுக்கு எப்போதுமே விருப்பக்குறி விழுந்ததில்லை. ஆகவே அது ‘போலாம்’களை மட்டும் எடுத்தது. ஒவ்வொன்றின் அடியிலும் ஒரு சுட்டி: ‘யார் கணக்கையும் திறக்க இங்கே அழுத்தவும்.’ சின்னதுரை ஏதோ விளம்பரம் பிடித்துவிட்டான் என்று குப்பத்தில் நினைத்துக்கொண்டார்கள்.

அவன் யாரிடமும் சொல்லவில்லை. போனில் எது கெட்டாலும் குப்பமே அவனிடம்தான் வரும். அப்படிப்பட்டவன் எப்படிச் சொல்வான்? புதன்கிழமை கடல் உண்மையிலேயே நன்றாக இருந்தது, தப்பித்தான். வியாழன் காலை, “காலுக்குக் கட்டு மாத்திக்கினு வர்றேன்” என்று தம்பி அரசப்பனிடம் சொல்லிவிட்டுப் பஸ் ஏறினான்.

அவன் உள்ளே நுழைந்தபோது ஊழியர்கள் எழுந்து நின்று வலக்கையை நீட்டிக் கடவுச்சொல் உறுதிமொழி எடுத்துக்கொண்டிருந்தார்கள். “என் கடவுச்சொல்லை எவரிடமும் கூறமாட்டேன். எங்கும் எழுதமாட்டேன். எவரிடமிருந்தும் கேட்டுப் பெறமாட்டேன்.” சொல்லி முடித்து உட்கார்ந்ததும் பின்வரிசையிலிருந்து ஒருவர், “சார், கம்ப்யூட்டர் பாஸ்வேர்டு இன்னா?” என்று கேட்டார்.

“அதேதான்யா. நடுவம், ஒண்ணு, ரெண்டு, மூணு” என்றார் உதவி நடுவர் சுப்பராயலு, நிமிராமல்.

சின்னதுரையை நாற்காலியில் உட்கார வைத்துத் தேநீர் கொடுத்தார்கள். சுப்பராயலு பொறுமையாகக் கேட்டார். கேட்டுவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

“நான் இந்தக் கிளைக்கு வந்து மூணு வருஷமாவுது. மூணு வருஷத்துல திண்டிவனத்துல ஒரு ஹேக்கிங்கூடக் கெடையாது. மெட்ராஸ்லகூட இந்த ரெக்கார்டு இல்ல. எப்பிடின்னு கேளு.”

“எப்பிடி சார்?”

“ஒரு புகாரைக்கூட நான் வாங்கல. வாங்கினா கணக்குல ஏறும். ஏறினா குற்றம் பெருகிப்போச்சின்னு பேப்பர்ல எழுதுவான். ஜனங்க பயப்படும். ஜனங்களைப் பயமுறுத்தறதா நம்ம வேலை?”

“இல்ல சார். ஆனா அது ‘போலாம் போலாம்’னு போட்டுக்கினே கீது சார். காத்து மாறினா ஆளுங்க செத்துடுவாங்க.”

சுப்பராயலு யோசித்தார். “சரி. அந்த டூலை எறக்கினது யாரு?”

“நான்தான் சார்.”

“யாரு கணக்கைத் தெறக்க?”

“என் கணக்கைத்தான்.”

“ஹேக் பண்ணப் பாத்தவன் நீ. ஹேக் ஆனவன்?”

“அதுவும் நான்தான் சார்.”

சுப்பராயலு சின்னதுரையின் கையிலிருந்த தேநீர்க் குவளையைப் பார்த்தார். அதைத் தொடர்ந்து குடிக்கவிடுவதா வேண்டாமா என்பது அவருக்கு இப்போது தெரியவில்லை.

“புகார்தாரரும் எதிரியும் ஒரே ஆளா கீற கேஸைக் கிளை எடுக்க முடியாது. விழுப்புரம்தான் போவணும். ரூல்படி புகார்தாரர்தான் எதிரியை ஆஜர் பண்ணணும். மறக்காம எதிரியையும் கையோட கூட்டிக்கினு போ.”

“வந்துடுவான் சார்” என்றான் சின்னதுரை. கிண்டலாகச் சொல்லவில்லை. அதைச் சொல்லாவிட்டால் வெளியே விடமாட்டார்கள் என்று தோன்றியது.

பேருந்து நிலையத்தில் விழுப்புரம் வண்டி வளைந்து வரும்போதே நாலைந்து பேர் ஓடினார்கள். ஓட முடியாத சின்னதுரை தோளிலிருந்த துண்டை எடுத்து ஜன்னல் வழியாக ஓர் இருக்கையில் எறிந்தான். அவன் நொண்டிக்கொண்டு ஏறி வருவதற்குள் பேன்ட் போட்ட ஒருவர் அந்த இருக்கைக்கு வந்தார், துண்டைப் பார்த்தார், மறுபேச்சில்லாமல் அடுத்ததற்குப் போனார். இந்த மாவட்டத்தில் எந்த ஆணையும் இல்லாமல் எல்லாரும் மதிக்கிற ஒரே சட்டம் அதுதான். துண்டு கிடந்தால் ஆள் இருக்கிறான்.

தலைமை நடுவத்தின் வாசலில் ஒரு பலகை இருந்தது. ‘உள்ளே கைபேசி கொண்டு வரக் கூடாது. புகாருக்குரிய கைபேசியைத் தவறாமல் உடன் கொண்டு வரவும்.’ சின்னதுரை இரண்டு முறை படித்துவிட்டுப் போனை மடியில் செருகிக்கொண்டு போனான்.

நடுவர் அரிபிரசாத் இளைஞர், சுறுசுறுப்பானவர். திண்டிவனத்திலிருந்து தகவல் வந்திருந்ததால் ஏற்பாடுகளைத் தயாராக வைத்திருந்தார். ஒரே ஆளுக்கு இரண்டு கோப்பு. தொழில்நுட்ப உதவியாளர் ஷாலினி, ‘குப்பத்துக் கடல்’ பக்கத்தைத் தன் கணினியில் திறந்து வைத்திருந்தாள். எதிரி பெஞ்சிலிருந்து பார்த்தால் அந்தத் திரை நேராகத் தெரிந்தது.

“முதல்ல புகார்தாரர். நாற்காலிக்கு வாங்க” என்றார் அரிபிரசாத். “எதிரியை உங்களுக்கு முன்னமே தெரியுமா?”

“தெரியும் சார்.”

“முன்விரோதம்?”

சின்னதுரை யோசித்தான். “சில நேரம் உண்டு சார்.”

“இப்ப எதிரி. பெஞ்சுக்குப் போங்க. புகார்தாரர் உங்களைப் பத்திச் சொன்னதை ஒத்துக்கறீங்களா?”

“ஒத்துக்கிறேன் சார்.”

“அவசரப்படாதீங்க. அவர் என்ன சொன்னார்னு எதிரிக்கு இன்னும் படிச்சுக் காட்டல. ஷாலினி, படிம்மா.”

ஷாலினி படித்தாள். அவன் கேட்டான். பிறகு நாற்காலி. பிறகு பெஞ்சு. நாற்காலியில் இருந்தபோது தேநீர் வந்தது. ஒரு வாய் குடிப்பதற்குள் எதிரியைக் கூப்பிட்டார்கள். குவளையை நாற்காலியிலேயே வைத்துவிட்டு ஆறடி தாண்டிப் போனான். கணுக்கால் வலித்தது. அதற்கு மேல் வலித்தது ஜன்னலுக்கு வெளியே தெரிந்த வேப்பமரம். காலையில் அதன் இலை மேற்கே சாய்ந்து ஆடியது. இப்போது அசையவே இல்லை.

போன் அடித்தது. கடலூர்ப் பக்கத்துச் சின்னக்கண்ணு.

“மாமா, இங்க பேஜாரா கீது. காத்து சடார்னு திரும்பிடுச்சி. போன ரெண்டு படகு நிக்க முடியாம திரும்பி வந்துச்சி. சாயங்காலத்துக்குள்ள உங்க பக்கம் வந்துடும். யாரையும் விடாத. ஆனா இன்னா மாமா, நீ ‘போலாம்’னு போட்டுக்கீறே?”

சின்னதுரை அதைத் துண்டித்துவிட்டுத் தம்பியைக் கூப்பிட்டான். “டேய் அரசப்பா, இன்னிக்கு எறங்காதீங்கடா. எல்லாருக்கும் சொல்லு.”

“இன்னாண்ணா விளையாடறியா? அரமணி முன்னாலதான் போலாம்னு போட்டே. வலையெல்லாம் ஏத்தியாச்சி.”

“அது நான் இல்லடா.”

“உன் படம் கீது, உன் பேரு கீது. அங்க போலாம்ன்றே, இங்க போவாதன்றே. எது நீ?”

சின்னதுரை வாயைத் திறப்பதற்குள் போன் கையிலிருந்து போய்விட்டது. அரிபிரசாத் அதை ஒரு பிளாஸ்டிக் உறைக்குள் போட்டு ஒட்டினார்.

“விசாரணை நடக்கும்போது எதிரி, பாதிக்கப்பட்ட பக்கத்தைப் பின்தொடர்றவங்களோட பேசறது சாட்சியைக் கலைக்கிறது.”

“சார், அவன் என் தம்பி. கடலுக்குப் போறான். ஒரே ஒரு போன் சார்.”

“புகார்தாரரோட தம்பியா, எதிரியோட தம்பியா?”

“ரெண்டு பேருக்கும்தான்.”

“பாத்தீங்களா? சிக்கலே அங்கதான் இருக்கு. நான் உங்களுக்கு எதிரி இல்லைங்க. கடல்ல என்ன நடக்கும்னு எனக்கும் கவலைதான். ஆனா கடல் வேற துறை.”

திரையில் புதிதாக ஒரு வரி வந்து நின்றது. ‘கடல் நல்லா கீது, போலாம்.’ பெஞ்சிலிருந்து சின்னதுரை அதைப் பார்த்தான். கீழே ஒரு விருப்பக்குறி விழுந்தது. குமரேசன். சின்னதுரைக்கு அந்தப் படகு தெரியும். நீல வண்ணம், மூன்று ஆள். இன்னொன்று விழுந்தது. அடுத்த குப்பத்துக்காரர்கள். ஷாலினியும் திரும்பிப் பார்த்தாள். அவன் உதடு ஒவ்வொரு பெயராகச் சொல்வதைக் கவனித்துவிட்டு, “லைக்குதானே போடறாங்க?” என்றாள்.

“லைக்கு இல்லம்மா. போறாங்க.”

அரிபிரசாத் அதற்குள் அடுத்த கட்டத்துக்குப் போயிருந்தார். கருவியைச் சோதிக்க வேண்டும். ‘இங்கே அழுத்தவும்’ என்ற இடத்துக்கு மவுஸை நகர்த்தினார்.

“சார், அதை அழுத்தாதீங்க” என்றான் சின்னதுரை. “அழுத்தித்தான் நான் இங்க வந்து குந்திக்கினு கீறேன்.”

“நீங்க அழுத்தினது அறியாமை. நான் அழுத்தறது ஆய்வு.”

கருவி இறங்கியது. தொடர்புகளைப் பார்க்கலாமா என்று கேட்டது. கோப்புகளைப் படிக்கலாமா என்றது. அரிபிரசாத் ஒவ்வொன்றையும் சத்தமாகப் படித்து, “குறிச்சுக்கோம்மா, அனுமதி கேக்குது. கட்டுப்பாடான டூல்தான்” என்று சொல்லி அனுமதித்தார். யாருடைய கணக்கைத் திறக்க வேண்டும் என்று அது கேட்டபோது சற்று நிதானித்தார்.

“அடுத்தவங்க கணக்குல சோதிச்சா குற்றம். அதனால நடுவத்தோட பக்கத்திலயே சோதிப்போம். நம்ம கணக்கை நாமே திறந்தா யார் என்ன கேக்க முடியும்?”

“இவரும் அதைத்தான் சார் பண்ணாரு” என்றாள் ஷாலினி.

“அவர் அதிகாரமில்லாமப் பண்ணார்.”

அவருடைய போனுக்கு ஓர் எண் வந்தது. உரக்கப் படித்தார். ஷாலினி விசைப்பலகையிலிருந்து கையை எடுத்தாள். “சார், உறுதிமொழியில...”

“உறுதிமொழி கடவுச்சொல்லுக்கும்மா. இது நம்பர்.”

ஒரே நிமிடம்தான் ஆனது. நடுவத்தின் பக்கத்தில் கார்த்திகை மாதத்தில் இனிய பொங்கல் வாழ்த்து வந்தது. அடுத்து, ‘இன்று மாவட்டத்தில் இணையம் பாதுகாப்பாக உள்ளது’ என்ற பழைய அறிவிப்பு வந்தது. அதன் அடியில், யார் கணக்கையும் திறக்க இங்கே அழுத்தவும்.

அரிபிரசாத் கடவுச்சொல்லைப் போட்டுப் பார்த்தார். தவறு என்றது. இன்னொரு முறை போட்டார். பின்வரிசை ஊழியர்களெல்லாம் எழுந்து வந்து நின்றார்கள். அவர்களுடைய பார்வை, ஆணை அப்படித்தான் பழக்கியிருந்ததால், எதிரி பெஞ்சுக்குப் போனது. சின்னதுரை ஒரு ஓரமாக நகர்ந்து உட்கார்ந்தான். இன்னொருவருக்கு இடம் இருந்தது.

அரிபிரசாத் சட்டத்தை மதிக்கிறவர். ஆகவே ஆணையை எடுத்து முதலிலிருந்து படித்தார். படித்து முடித்ததும் முகத்தில் தெளிவு வந்தது.

“இந்தச் சுட்டியை நடுவத்துக்குள்ள கொண்டு வந்தது யாரு?”

எல்லாரும் சின்னதுரையைப் பார்த்தார்கள்.

“அரசுப் பக்கத்தை முடக்க உடந்தை. இது ரெண்டாவது கேஸ். இதுல நடுவம் புகார்தாரர், நீங்க எதிரி. பெரிய கேஸ். ஆய்வுக்குழு திங்கக்கிழமைதான் வரும். அதுவரைக்கும் எதிரி பெஞ்சுலயே இருக்கணும்.” குரலைத் தணித்துக்கொண்டார். “சாப்பாடெல்லாம் வாங்கித் தருவோம். நாங்க ஒண்ணும் கொடுமைக்காரங்க இல்ல.”

திரையில் விருப்பக்குறி ஒன்று கூடியது. அரசப்பன்.

வெளியே வேப்பமரம் இப்போது ஆடத் தொடங்கியிருந்தது, காலையில் ஆடிய பக்கத்துக்கு எதிர்ப்பக்கமாக. ஓடினால் வாசலில் பிடித்துவிடுவார்கள், ஓடவும் காலில்லை. ஆறடிக்கு அப்பால் நாற்காலியைப் பார்த்தான். அதில் அவனுடைய தேநீர் ஆடை படிந்து ஆறிப்போயிருந்தது.

“சார், ஒரு சந்தேகம். மொதல் கேஸ்ல நான் புகார்தாரர்தானே?”

“ஆமா.”

“புகார்தாரர் வூட்டுக்குப் போலாமா சார்?”

“எப்ப வேணா போகலாம். அவருக்கு இங்க என்ன வேலை? எதிரிதான் இருக்கணும்” என்றார் அரிபிரசாத், கடவுச்சொல்லை ஐந்தாம் முறையாகப் போட்டுக்கொண்டே.

“எதிரி இருப்பான் சார்.”

சின்னதுரை துண்டை எடுத்தான். பெஞ்சில் தான் உட்கார்ந்திருந்த இடத்தில், பேருந்தில் போடுவதைப் போல, நன்றாகத் தெரியும்படி விரித்துப் போட்டான். ஆறடி நடந்து நாற்காலியில் போய் உட்கார்ந்தான். ஆறிப்போன தேநீரை ஒரே வாயில் குடித்தான். எழுந்து கும்பிட்டான். வாசலுக்கு நடந்தான். வாசற்காவலர் பெஞ்சைப் பார்த்தார். துண்டு கிடந்தது. சின்னதுரைக்கு வழிவிட்டார்.

திண்டிவனம் வண்டியில் துண்டு போட்டு இடம் பிடிக்கத் துண்டு இல்லை. நின்றுகொண்டே போனான். பக்கத்திலிருந்த அம்மாளிடம் கெஞ்சி போனை வாங்கியபோதுதான் தம்பியின் நம்பர் தெரியாது என்பது உறைத்தது. எல்லா நம்பரும் போனுக்குள் இருந்தது. அவனுக்கு மனப்பாடமாகத் தெரிந்த நம்பர் ஒன்றே ஒன்று, அவனுடையது. அதைப் போட்டான்.

நெடுநேரம் அடித்தது. “நடுவம்” என்றாள் ஷாலினி.

“அம்மா, அந்தப் போன்ல அரசப்பன்னு ஒரு நம்பர் இருக்கும். தயவு பண்ணி அதைப் பாத்து...”

“யார் பேசறது?”

“நான்தாம்மா. புகார்தாரர்.”

“எதிரியோட போன்லேர்ந்து புகார்தாரருக்குத் தகவல் தரக் கூடாது. உறையும் சீல் வச்சாச்சு. வெளியிலேர்ந்தே அழுத்திப் பேசறேன்.” அவள் நிறுத்தினாள். பின்னால் யாரோ அவளைக் கூப்பிட்டார்கள். பிறகு குரலை மிகவும் இறக்கி, “துண்டு பெஞ்சுலதான் கீது. யாரும் கேக்கல. ஜல்தியா போங்க” என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாள்.

மரக்காணம் வண்டி திண்டிவனத்தில் ஆளுக்காகக் காத்து நின்றது. ஓட்டுநரிடம் போய் நின்றான். அவர் டீ முடித்துத்தான் எடுத்தார். கிழக்கே போகப் போக வானம் ஈயம் பூசியதுபோல ஆனது. உப்பளத்தைத் தாண்டியபோது மணல் பறந்து ஜன்னல் கம்பியில் அடித்தது. உள்ளே இருந்தவர்கள் கண்ணை மூடிக்கொண்டார்கள். சின்னதுரை மூடவில்லை.

அவன் கரைக்கு வந்தபோது தம்பியின் படகு தண்ணீரில் இருந்தது. அரசப்பன் இடுப்பளவு நீரில் நின்று தள்ளிக்கொண்டிருந்தான், இன்னும் இரண்டு பேர் பக்கத்துக்கு ஒருவராக. பின்னால் வரிசையாக மற்றப் படகுகள்.

அந்தக் குப்பத்தில் ஒரு வழக்கம் உண்டு. தண்ணீரில் கால் வைத்துவிட்டவனை யாரும் பின்னாலிருந்து கூப்பிடக் கூடாது. கூப்பிட்டாலும் அவன் திரும்பக் கூடாது. திரும்பினவன் திரும்பி வரமாட்டான் என்பார்கள்.

“அரசப்பா!”

கரையிலிருந்தவர்கள் பதறினார்கள். “டேய் நொண்டி, பின்னால கூப்பிடாதடா! அறிவு கீதா உனக்கு?”

அரசப்பன் திரும்பவில்லை. தோள் மட்டும் ஒரு கணம் நின்றது. பிறகு தள்ளினான்.

சின்னதுரை தண்ணீரில் இறங்கினான். முதல் அலை முழங்காலை அடித்தது, அடுத்தது அவனைக் கவிழ்த்தது. எழுந்தான். படகைச் சுற்றிக்கொண்டு போனான். நெஞ்சளவு நீரில், காலில் பிடிமானமில்லாமல், படகின் மூக்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு தம்பிக்கு நேரெதிரே நின்றான்.

“இப்ப முன்னாலதான் நிக்கிறேன். போவாதடா.”

“போலாம்னு போட்டது யாரு?”

“அவன் கடலைப் பாத்ததே இல்லடா. என் பேஜைப் புடுங்கிக்கினான். நான்தான் கண்டதையும் எறக்கிக் குடுத்துட்டேன்.”

“காலையிலயே சொல்றதுக்கு இன்னா?”

“வெக்கமா இருந்துச்சி.”

அலை இருவருக்கும் நடுவே படகைத் தூக்கிப் போட்டது. அரசப்பன் அண்ணனின் முகத்தைப் பார்த்தான், அவனுக்குப் பின்னால் கறுத்துக்கிடந்த தெற்கு மூலையைப் பார்த்தான். பிறகு பக்கத்தில் நின்றவர்களிடம், “இழுங்கடா” என்றான்.

பின்வரிசைப் படகுகளும் மேலேறின. இருட்டுவதற்குள் காற்று வந்துவிட்டது. அடுத்த குப்பத்தில் குமரேசன் முன்பே போய்விட்டிருந்தான். விடிந்த பிறகு புதுச்சேரிப் பக்கத்தில் மூன்று பேரும் டீசல் கேன்களைக் கட்டிப்பிடித்துக்கொண்டு கரையொதுங்கினார்கள். குமரேசனின் கை இரண்டு இடத்தில் முறிந்திருந்தது. நீலப் படகு கிடைக்கவில்லை. அரசப்பன் பைக்கை எடுத்துக்கொண்டு குப்பம் குப்பமாகப் போய், இனி யாரும் அந்த முகநூல் பக்கத்தைப் பார்க்க வேண்டாம் என்று சொல்லிவிட்டு வந்தான். அண்ணன் செய்த காரியத்தையும் சொல்லியிருப்பான். மறுநாளிலிருந்து போனைப் பழுதுபார்க்க யாரும் சின்னதுரையிடம் வரவில்லை. கடல் எப்படி என்று கேட்க மட்டும் வந்தார்கள். அவன் வாயால் சொன்னான்.

அடுத்த வாரம் உதவி நடுவர் சுப்பராயலு ஜீப்பில் வந்து இறங்கினார்.

“எதிரி தலைமறைவாயிட்டான். புகார்தாரர்ன்ற முறையில உனக்குத் தகவல் சொல்லிட்டுப் போலாம்னு வந்தேன்” என்றார் சின்னதுரையிடம். “துண்டு கெடந்ததால திங்கக்கிழமைவரைக்கும் யாருக்கும் தெரியல. ஒதுங்கப் போயிருப்பான்னு நெனச்சிக்கினாங்க.”

“உங்க பேஜு இன்னா சார் ஆச்சி?”

“அதுவா? இப்பத்தான்யா நல்லா நடக்குது. முன்னெல்லாம் மாசத்துக்கு ஒண்ணு போடுவோம். இப்ப டெய்லி நாலு வருது. மேலிடத்துல பாராட்டிட்டாங்க. யாரும் கை வைக்க வேணாம்னு நடுவர் சொல்லிட்டாரு.” பிறகு வலை சிக்கெடுத்துக்கொண்டிருந்த அரசப்பனிடம் திரும்பினார். “நீ சொல்லுப்பா. எதிரி இந்தப் பக்கம் வந்தானா?”

அரசப்பன் அண்ணனைப் பார்க்காமலே சொன்னான். “வந்தான் சார். தோ, அந்த எடத்துல தண்ணில எறங்கினான்.”

“அப்புறம்?”

“அப்புறம் அவனை யாரும் பாக்கல.”

சுப்பராயலுவின் முகம் மலர்ந்தது. மூன்று வருடச் சாதனை தப்பியது. ‘எதிரி கடலில் இறங்கினார். பின்னர் காணப்படவில்லை. வழக்கு முடிக்கப்பட்டது’ என்று எழுதிப் புகார்தாரரிடம் கையெழுத்து வாங்கினார். பையிலிருந்து துண்டை எடுத்தார்.

“இது எதிரியோட உடைமை. புகார்தாரர் கையில குடுக்கக் கூடாது. செத்தவனுக்கு வாரிசு யாராவது கீறாங்களா?”

“நான்தான் சார், கூடப்பொறந்தவன்” என்றான் அரசப்பன்.

“என் போனு?” என்றான் சின்னதுரை.

“அது சாட்சிய்யா. சாட்சி சாவல.”

அரசப்பன் துண்டை உதறி, ஒரு கணம் கையில் வைத்திருந்துவிட்டு, அண்ணன் தோளில் போட்டான். அந்த வாரத்தில் அவன் அண்ணனுக்கு அருகே வந்தது அதுதான் முதல் முறை.

ஜீப்பில் ஏறப்போன சுப்பராயலு போனைப் பார்த்தபடி நின்றார். வழக்கு சம்பந்தமாக அவர் ‘குப்பத்துக் கடல்’ பக்கத்தைப் பின்தொடர்ந்துகொண்டிருந்தார். “கடல் நல்லா கீது, போலாம்னு இப்பத்தான்யா வந்திருக்கு. நீங்க ஏன் எல்லாரும் கரையிலயே கீறீங்க?”

தெற்கு மூலை அன்றும் கறுத்திருந்தது. கரை முழுக்கப் படகுகள் மல்லாந்து கிடந்தன.

“அதை நடத்தினவன்தான் கடல்ல போயிட்டானே சார்” என்றான் சின்னதுரை. “இப்பத்தான் எழுதினீங்க.”

சுப்பராயலு எழுதியதை எடுத்துச் சரிபார்த்தார். அப்படித்தான் இருந்தது. தலையை ஆட்டிக்கொண்டே, எந்தப் பதிவைப் பார்த்தாலும் செய்கிற பழக்கத்தில், கட்டைவிரலால் அதற்கு ஒரு விருப்பக்குறி போட்டுவிட்டு ஜீப்பில் ஏறினார்.

குப்பத்துக் கணக்குப்படி அன்று கடலுக்குப் போனவர் அவர் ஒருவர்தான்.